வரிசை வரிசையாகக் கேட்ட நாடகம்

பதினெட்டு நிமிடம் ஓடுகிற ஒரு குறும்படத்தில் நான் நான்கு நிமிடம் வருகிறேன். அந்த நான்கு நிமிடமும் பொய் சொல்லுகிறவளாக வருகிறேன். என் வாயிலிருந்து வருவது அத்தனையும் உண்மை. ஒரு சொல்லைக்கூட யாரும் மாற்றவில்லை. என் குரல்தான், என் வீட்டு மஞ்சள் சுவர்தான், பின்னால் ஆணியில் ஆடுவது என் காலண்டர்தான். இருந்தும் திரையில் உட்கார்ந்திருக்கிற அந்தப் பெண்பிள்ளை பொய்க்காரி. பார்த்துக்கொண்டிருந்த எனக்கே அப்படித்தான் தோன்றியது. ஒரு கட்டத்தில், இவள் என்னத்துக்கு இப்படி அளக்கிறாள் என்று நானும் சலித்துக்கொண்டேன்.

நாகர்கோவிலில் ஒரு துணிக்கடை மாடியில் இருக்கிற சின்ன அரங்கு. ஞாயிற்றுக்கிழமை மத்தியானம். பிளாஸ்டிக் நாற்காலிகளில் நாற்பது பேர். எனக்கு வலப்பக்கம், செத்துப்போன என் தோழியின் மகள். படம் தொடங்கும்போது அவள் என் கையைப் பிடித்திருந்தாள். முதல் சிரிப்பு எழுந்தபோது பிடி தளர்ந்தது. இரண்டாவது சிரிப்புக்குக் கையை எடுத்து, மடியிலிருந்த பையின் வாரைப் பிடித்துக்கொண்டாள்.

அவளுக்காகத்தான் அந்தப் படத்துக்கு நான் ஒத்துக்கொண்டதே. அதை முதலில் சொல்லிவிடுகிறேன்.

என் தோழி கல்யாணத்துக்குப் பிறகு குரல் இல்லாமல் வாழ்ந்தவள். வீட்டுக்காரர் அடித்ததில்லை. கேட்பார். எங்கே போனே, யாரு வந்தா, ஜன்னல் ஏன் திறந்து கிடக்கு, என்னத்துக்குச் சிரிச்சே. பதில் சொல்லிச் சொல்லி அவள் சத்தம் தேய்ந்து, வருடத்துக்கு வருடம் இறங்கி, கடைசியில் பக்கத்தில் குனிந்தால்தான் கேட்கிற ஒரு முனகலாக மிஞ்சியது. மகள் அறிந்த அம்மா அந்த முனகல்தான். மூன்று வருடத்துக்கு முன் அவள் போனாள். பதினாறாம் நாள் காரியமான அடியந்திரத்தன்று பந்தி எழுந்து, இலை எடுத்து, வீடு கழுவிவிட்ட ஈரத்தில் நின்றுகொண்டு மகளிடம் சொன்னேன்.

"உனக்க அம்மைக்கத் தொண்டை தெரியுமா பிள்ளே உனக்கு? முந்நூறு பேரு அண்டி தல்லுத சத்தத்துக்கு மேல அவளுக்க சத்தம் கேட்டுது."

"அம்மைக்கா?" என்றாள். வேறு யாருடைய அம்மாவையோ பற்றிச் சொல்வதுபோல் என்னைப் பார்த்தாள். அதற்குப் பிறகு திருவனந்தபுரத்திலிருந்து, அவள் வேலை பார்க்கிற ரத்தப் பரிசோதனைக் கூடத்தின் மத்தியானச் சாப்பாட்டு நேரத்தில், வாரத்துக்கு ஒருமுறையாவது கூப்பிடுவாள். "சித்தி, அம்மை நடிச்சத இன்னொருக்கச் சொல்லுங்க." நான் சொல்லுவேன். அவள் கேட்பாள். கேட்டுவிட்டு, "போட்டோ ஒண்ணு கூட இல்லியா?" என்று முடிப்பாள்.

போட்டோ இல்லை. நோட்டீஸ் இல்லை. ஒன்றுமே இல்லை.

முப்பது வருடத்துக்குக் கிட்ட இருக்கும். பெரியவர்களுக்கு எழுத்துச் சொல்லிக்கொடுக்கிற வகுப்புகளுக்கு ஆள் சேர்க்க, ஊர் ஊராகப் பல குழுக்கள் வீதி நாடகம் போட்ட காலம். எங்களுக்கும் குழு என்று பெரிய பெயர், ஆள் என்னவோ மூன்று பேர். நான், அவள், டோலக் அடிக்கிற அவன். அவன்தான் இந்தப் படத்தை எடுத்தவன். நாங்கள் மூவரும் ஒரே கல்லூரி, ஒரே பஸ், ஒரே பொதியிலிருந்து பிய்த்துத் தின்ற புட்டு.

நாடகம் எளியது. முந்திரிக்கொட்டை உடைக்கிற ஒருத்தி. எங்கள் பக்கம் கொட்டைக்கு அண்டி என்று பெயர், உடைப்பதற்குத் தல்லுவது, உடைக்கிற தொழிற்சாலைக்கு அண்டி ஆபீஸ். தோட்டில் இருக்கிற எண்ணெய் கையைத் தின்றுவிடும். வருடக்கணக்காக உடைத்தவளுக்கு விரலில் ரேகையே இருக்காது. எங்கள் கதையின் பெண் கைநாட்டு வைக்கப் போகிறாள், காகிதத்தில் வெறும் மைக்கறைதான் விழுகிறது. அதிகாரி ஒத்துக்கொள்ள மாட்டேன் என்கிறார். நீதான் நீ என்பதற்கு என்ன அத்தாட்சி என்று அதட்டுகிறார். அவள் அழுது, சண்டை போட்டு, கடைசியில் பேனா வாங்கிக் கையெழுத்துப் போடக் கற்றுக்கொள்கிறாள், பாட்டோடு முடியும். நான் அந்தப் பெண். என் தோழி அதிகாரி. அண்ணனின் சட்டையைப் போட்டு, பின்னலைச் சுருட்டிக் காலருக்குள் விட்டுக்கொண்டு, அவள் போட்ட அதட்டலில் எனக்கு ஒத்திகையிலேயே கண் கலங்கும்.

தக்கலைக்கு மேற்கே ஓர் அண்டி ஆபீஸ் முன்னால் உள்ள முக்கில் போடுவதாகத்தான் ஏற்பாடு. போய் நின்றோம், மழை பிடித்துக்கொண்டது. ஒதுங்கப் போன இடம் உடைக்கிற கொட்டகை. உள்ளே வறுத்த தோட்டின் புகை, தொண்டையைச் சுரண்டுகிற காரம். தரையில் ஏழு வரிசையாகப் பெண்கள், ஆளுக்கொரு கல், ஆளுக்கொரு கட்டை, கையில் எண்ணெய் ஒட்டாமலிருக்கச் சாம்பல். முந்நூறு கட்டைகள் முந்நூறு கல்லில் விழுகிற சத்தம். மேலே தகரத்தில் மழை. எது கூரை, எது தரை என்று தெரியாத ஒரே அடி.

மேற்பார்வை பார்க்கிறவர் மரத்தடுப்புக்கு அந்தப் பக்கம் இருந்தார். நல்ல மனுஷன், பயந்த மனுஷன். "ஆடுங்க, பாடுங்க, எனக்கொண்ணும் இல்ல. ஆனா கை நிக்கப்பிடாது. சத்தம் நிண்ணா மொதலாளி மேல இருந்து எறங்கி வருவாரு," என்றார்.

கை நிற்காமல் எப்படி நாடகம் கேட்பது? பத்து வார்த்தை பேசிப் பார்த்தோம், எனக்கே என் பேச்சு கேட்கவில்லை. அப்போதுதான் முதல் வரிசையில் இருந்த ஒருத்தி, நரைத்த கொண்டைக்காரி, திரும்பிப் பின்னால் ஒரு பார்வை பார்த்தாள். சொல் ஒன்றுமில்லை, பார்வைதான். முதல் வரிசையின் கட்டைகள் நின்றன. பின்னாலிருந்த ஆறு வரிசையும் இரட்டிப்பாக அடிக்க ஆரம்பித்தன. தடுப்புக்கு அந்தப் பக்கம் சத்தம் குறையவில்லை. முதல் வரிசைக்குக் குனிந்து, முகத்துக்கு முகம் வைத்து, நாங்கள் பேசினோம். அது முடிந்ததும் அவர்கள் கட்டையை எடுக்க, இரண்டாம் வரிசை நிறுத்தியது. நாங்கள் இரண்டாம் வரிசைக்கு நகர்ந்தோம். கதையும் நகர்ந்தது. திரும்ப முதலிலிருந்து ஆரம்பிக்க நேரமில்லை. இப்படி ஏழு வரிசை, ஏழு துண்டு. வரிசை மாறுகிற இடத்தில் சத்தம் தாழ்ந்துபோகும் அந்த ஒரு நொடியை டோலக்கை விளாசி மூடியவன் அவன். அந்த ஏற்பாட்டின் நுட்பம் எங்கள் மூவரில் முதலில் பிடிபட்டது அவனுக்குத்தான்.

ஆக, முந்நூறு பேர் பார்த்த நாடகத்தை முழுசாகப் பார்த்தவர் ஒருவரும் இல்லை. முதல் வரிசைக்குக் கைநாட்டு கிடைத்தது. நடு வரிசைக்கு அழுகை கிடைத்தது. கடைசி வரிசைக்குப் பாட்டு மட்டும். ஒருத்தியும் மற்றவளுக்காகத் தான் இழந்ததைப் பற்றி முகம் சுளிக்கவில்லை.

வெளியே வந்ததும் மேற்பார்வைக்காரர் கும்பிட்டார். "இத எங்கயும் எழுதிரப்பிடாது கேட்டியளா. எனக்க வேலை போவும், இவியளுக்கும் பாடு." குழுவின் அறிக்கை நோட்டு எழுதுகிறவன் அவன். பஸ்ஸில் உட்கார்ந்து முழங்காலில் நோட்டை வைத்து எழுதினான்: மழை காரணமாக நாடகம் நடைபெறவில்லை. எழுதிவிட்டு எங்கள் இருவருக்கும் காட்டினான். மூன்று பேருமாகச் சிரித்தோம். அடுத்த மாதம் அவளுக்கு நிச்சயம் முடிந்தது. எங்கள் நாடகம் அந்த ஒரு தடவையோடு சரி.

அவன் கல்ஃபுக்குப் போனான். இருபத்திரண்டு வருடம். திரும்பி வந்தபோது ஒரு நல்ல கேமரா இருந்தது, கையில் நிறைய நேரம் இருந்தது. போன வருடம் கூப்பிட்டான்.

"ஏட்டி, நம்ம அண்டி ஆபீஸ் நாடகத்தப் பத்தி ஒரு படம் பண்ணப் போறேன். நீ வந்து இருந்து பேசணும்."

மகளுக்குக் காட்ட ஒன்றும் இல்லாமல் இருந்தவளுக்கு, காட்டப் படமே வரப்போகிறது. அன்றைக்கே அவளைக் கூப்பிட்டுச் சொன்னேன். அவள் அப்பாவுக்குத் தெரியாமல் அலமாரியில் தேடி அம்மாவின் கல்யாணப் போட்டோவை அனுப்பினாள். தலை குனிந்து, மாலை கனத்து, முகம் பாதி தெரிகிற போட்டோ. அதை அவனிடம் கொடுத்தவள் நான்.

மூன்று நாள் என்னை வைத்து எடுத்தான். பொறுமையாகக் கேட்டான். "அவளுக்க சட்டை என்ன நிறம் மக்கா?" வெள்ளை என்றேன். மூன்றாம் நாள் திரும்பவும் அதையே கேட்டான். யோசித்தேன். இளநீலமோ என்று தோன்றியது, சொன்னேன். "பைய யோசிச்சுச் சொல்லு, அவசரமில்ல," என்றான். எவ்வளவு கனிவு என்று நினைத்தேன். நான் யோசிக்கிற நேரமெல்லாம் கேமரா ஓடிக்கொண்டிருந்தது.

படத்தில் அந்த இரண்டு பதிலும் அடுத்தடுத்து வருகின்றன. வெள்ளை. இளநீலம். முதல் சிரிப்பு அதற்குத்தான்.

பிறகு ஐந்து பெண்கள். அந்தக் கொட்டகையில் இருந்தவர்கள், இப்போது கிழவிகள். தேடிப் பிடித்திருக்கிறான். முதலாமவள், பெருவிரல் கதை என்றாள். இரண்டாமவள், "சட்டை போட்ட ஒருத்தன் ஏசினான், போலீஸ் கதையாக்கும்," என்றாள். மூன்றாமவள், "நாடகமா? ஒரு குட்டி வந்து நிண்ணு அழுதா. எதுக்கு அழுதான்னு எங்களுக்குத் தெரியாது," என்றாள். நான்காமவள் பேனா வாங்குகிற கதை என்றாள். ஐந்தாமவள் கையை விரித்து, "பாட்டுல்லா பாடினாவ! நாடகம் ஒண்ணும் நடக்கல மக்கா," என்றாள். அரங்கு குலுங்கியது. பக்கத்தில் ஒருவர் தொடையில் தட்டிச் சிரித்தார். நான் இருட்டில் விரல் மடக்கிக்கொண்டிருந்தேன். இவள் முதல் வரிசை. இவள் மூன்றாவது. இவள் நாலு, இல்லை ஐந்து. இவள் ஆறு. இவள் கடைசி. ஐந்து பேரும் தங்கள் வரிசைக்குக் கிடைத்ததை அச்சுப் பிசகாமல் சொன்னார்கள். வரிசை வரிசையாக நிறுத்திக் கேட்டார்கள் என்கிற அந்த ஒரு விஷயத்தை மட்டும் படம் சொல்லவில்லை.

பிறகு நோட்டு. பழுப்பேறிய பக்கம், திரை நிறைய. மழை காரணமாக நாடகம் நடைபெறவில்லை. யார் கையெழுத்து என்று சொல்லவில்லை. டோலக் அடித்த மூன்றாவது ஆள் ஒருவன் இருந்தான் என்றே படத்தில் இல்லை. நான் அவனைப் பற்றிப் பேசியதெல்லாம் வெட்டுப்பட்டிருந்தது.

கடைசியில் அந்தக் கல்யாணப் போட்டோ. குனிந்த தலையை நோக்கிக் கேமரா மெல்லப் போகிறது. மேலே அவன் குரல், கனத்து, அழகாக: இந்தப் பெண் ஒருநாள் சட்டை அணிந்து ஓர் அதிகாரியைப் போல் அதட்டியிருப்பாரா? அல்லது ஒரு தோழியின் ஏக்கம் இவருக்கு ஒரு குரலைத் தைத்துக் கொடுத்ததா?

கைதட்டினார்கள். நிறையத் தட்டினார்கள். பக்கத்தில் மகள் தட்டவில்லை.

படிக்கட்டின் கீழே, டீ கொடுக்கிற இடத்தில் அவனைப் பிடித்தேன். முகமெல்லாம் சந்தோஷம்.

"வரிசைக் கதைய ஏம்ல சொல்லல?"

"சொன்னா படம் அங்கணயே முடிஞ்சு போவும் மக்கா. பெறவு என்னத்த எடுக்க?"

"நோட்டுல எழுதினது நீதான?"

"எழுதினது ஆருன்னு ஆரும் கேக்கலியே."

"நீ அங்க இருந்தியேல. எனக்க பக்கத்துல நிண்ணியே."

"இருந்தேன். அதான் என்னைய வெட்டிட்டேன். நான் இருந்தேன்னு சொன்னா சாட்சி ஆயிருவேன். சாட்சிக்காரன் எடுத்த படத்த ஆரு பாப்பா?" டீயை ஊதினான். "சவத்த விடு. உன்னைய எப்பிடிக் காட்டிருக்கேன், பாத்தியா? ஒருபாடு பேரு கேட்டாச்சு, அந்த அம்மா எந்த ஊரு நடிகைன்னு."

அடித்திருக்கலாம். அந்த நேரத்தில் கை எழவில்லை. என்னோடு ஒரே கொட்டகையில் ஒரே புகையைக் குடித்தவன், என் தயக்கங்களை ஒவ்வொன்றாகப் பொறுக்கி, கழுவி, வெளிச்சம் காட்டி விற்றிருக்கிறான். என்னை விற்றது போகட்டும். பேச முடியாமல் செத்தவளுக்குப் பேச்சு இருந்த அந்த ஒரு பகலையும் சேர்த்து விற்றிருக்கிறான்.

மகள் என்னைத் தாண்டி முன்னால் வந்தாள்.

"மாமா, அம்மை நடிச்சாளா?"

ஆமா பிள்ளே, நடிச்சா. இவ்வளவுதான் அவன் சொல்ல வேண்டியது. கேமரா இல்லை, கூட்டமில்லை, ஒரு பெண்பிள்ளை மட்டும். அவன் அவளைப் பார்த்தான், என்னைப் பார்த்தான், படத்தின் அதே சிரிப்பைச் சிரித்தான்.

"சித்தி சொன்னா நடந்திருக்கும் பிள்ளே."

யாரோ தோளில் தட்டிப் பாராட்ட, அந்தப் பக்கம் திரும்பிக்கொண்டான்.

வடசேரி பஸ் நிலையம் வரை நடந்தோம். காய்கறிச் சந்தையின் வாழைத்தார்களுக்கும் மூடைகளுக்கும் நடுவே, இடிபட்டு, விலகி, நான் பேசிக்கொண்டே போனேன். ஏழு வரிசையையும் சொன்னேன். ஒவ்வொரு கிழவியும் எந்த வரிசை என்று சொன்னேன். நோட்டை எழுதியது யார், ஏன் எழுதினான் என்று சொன்னேன். இதையெல்லாம் முன்னாலும் சொல்லியிருக்கிறேன், அப்போது அவள் கண் விரியக் கேட்டவள். இப்போது கவனமாகக் கேட்டாள். தன் பரிசோதனைக் கூடத்தில் ரத்தச் சீசாவைத் தூக்கிப் பார்ப்பதுபோல் கேட்டாள்.

"உள்ளதுல சட்டை என்ன நிறம் சித்தி?"

"தெரியல மக்களே. மறந்துபோச்சு."

"ம்."

கொஞ்ச தூரம் போய், "நீங்க சொல்லுத மாதிரியும் இருக்கலாம்," என்றாள்.

இருக்கலாம். அவன் என்னிடமிருந்து எடுத்துப் போனது இதைத்தான். மூன்று வருடமாகப் போன் வழியே அவளுக்கு ஊட்டி ஊட்டி வளர்த்த ஓர் அம்மா, பதினெட்டு நிமிடத்தில் ஓர் இருக்கலாமாகச் சுருங்கிவிட்டாள்.

திருவனந்தபுரம் பஸ் நின்றிருந்தது. நடத்துநர் கத்திக்கொண்டிருந்தார். அவள் ஏறக் காலை வைத்தாள். இனி மத்தியானங்களில் கூப்பிட மாட்டாள் என்று எனக்குத் தெரிந்தது. அவள் முழங்கையைப் பிடித்தேன்.

"ஒண்ணு சொல்லல உன்கிட்ட. அன்னைக்குக் கொட்டகைக்குள்ள நொழையதுக்கு முன்ன உனக்க அம்மை எனக்க கையப் பிடிச்சுக்கிட்டா. ஏட்டி, நாளைக்கு எனக்கொரு பெண்பிள்ளை பொறந்தா, இதே சட்டையப் போட்டுக்கிட்டு அவ முன்னால ஒருக்க நடிச்சுக் காட்டணும்னு சொன்னா."

அவள் முகம் உடைந்தது. படியிலிருந்து இறங்கி, பை ஒரு பக்கம் விழ, என் தோளில் முகத்தை வைத்து அழுதாள். நடத்துநர்கூடச் சத்தத்தைக் குறைத்துக்கொண்டார். "இத ஏன் சித்தி இவ்வளவு நாளும் சொல்லல? இத ஏன் சொல்லல?" என்று கேட்டுக்கொண்டே இருந்தாள். சட்டையின் நிறம் கேட்கவில்லை. அத்தாட்சி கேட்கவில்லை.

அப்படி ஒன்றும் அவள் சொல்லவில்லை.

கொட்டகை வாசலில், மழை முகத்தில் அடிக்க, என் தோழி சொன்னது இது: "ஏட்டி, மூத்திரம் முட்டுது, சீக்கிரம் முடிச்சுத் தொலைப்போம்." டோலக்கைத் தூக்கிக்கொண்டு நின்ற அவனுக்கும் கேட்டது. மூவரும் சிரித்துச் சிரித்து, அந்தச் சிரிப்பு அடங்காமலேதான் உள்ளே நுழைந்தோம். அவள் அதட்டிய முதல் அதட்டலில் அந்தச் சிரிப்பு இருந்தது. அவள் அப்படிப்பட்டவள். அவசரக்காரி, வாய்த்துடுக்குக்காரி, நாளைக்குப் பிறக்கப் போகிற பிள்ளையைப் பற்றி யோசிக்கிற ஆளே இல்லை. அந்த உயிருள்ள பெண்ணை மகளுக்குக் கொடுக்க முடியாமல், படங்களில் வருகிற ஓர் அம்மாவைச் செய்து கொடுத்து பஸ் ஏற்றிவிட்டேன்.

மறுநாள் காலை அவளுடைய வாட்ஸ்அப் ஸ்டேட்டஸில் கல்யாணப் போட்டோ இருந்தது. கீழே, நான் சொன்ன வாக்கியம், மேற்கோள் குறிகளோடு, கொட்டகை வாசலில் சித்தி கையைப் பிடித்து அம்மா சொன்னதாக. மத்தியானம் கூப்பிட்டாள். குரலில் வெளிச்சம். "சித்தி, அம்மை சட்டையப் பத்திச் சொன்னத இன்னொருக்கச் சொல்லுங்க."

சொன்னேன். முதல் நாளைவிடக் கொஞ்சம் நன்றாகவே வந்தது.

சாயங்காலம் அவனிடமிருந்து ஒரு செய்தி. ஸ்டேட்டஸைப் பார்த்திருக்கிறான். "ஏட்டி, அவ இப்பிடிச் சொன்னத மூணு நாளும் என்கிட்ட ஏன் சொல்லல? வாசல்ல அவ உனக்க கையப் பிடிச்சு நிண்ணது எனக்கும் இப்பம் ஞாபகம் வருது. படத்துல வச்சிருப்பேனே."